ஊசியக்காவின் கையில் மூன்று காப்பு

அவளுக்குப் பட்டாசு என்று பேர் வைத்தது யார் என்று யாருக்கும் நினைவில்லை. வைத்தவர் சரியாகத்தான் வைத்திருக்கிறார். அவள் சிரித்தால் நாலு வீடு திரும்பிப் பார்க்கும். கோபம் வந்தால் எட்டு வீடு. வந்த வேகத்திலேயே அந்தக் கோபம் போயும் விடும். திட்டிய வாய் மூடுவதற்குள் அதே வாயால் "சாப்பிட்டியாடி?" என்று கேட்பாள். பெரிய ஆஸ்பத்திரி ஒன்றின் அடித்தளத்தில், சலவைக்கூடத்தில் அவளுக்கு வேலை. ஈரமாய் வருகிற படுக்கை விரிப்புகளை ஆவி உருளைக்குள் கொடுத்து, மறுபக்கம் மொரமொரவென்று வாங்க வேண்டும். அந்த உருளை ஓடும்போது பக்கத்தில் நிற்பவள் காதில் வாயை வைத்துக் கத்தினாலும் பாதிதான் போய்ச் சேரும். பதினொரு வருஷம் அதன் அருகில் நின்றவளுக்கு மெதுவாகப் பேச எப்படி வரும், நீங்களே சொல்லுங்கள்.

அந்தப் பட்டாசு தன் மகளைத் திரும்ப வாங்கப் போன நாளைப் பற்றித்தான் சொல்லப் போகிறேன். மனசைக் கொஞ்சம் திடப்படுத்திக்கொண்டு கேளுங்கள்.

மகளுக்கு ஏழு வயசு. ஓயாமல் பேசுவாள் என்பதால் மைனா. அப்பா இல்லை, அவள் வயிற்றில் இருக்கும்போதே ஒரு காய்ச்சல் அவரைக் கொண்டுபோய்விட்டது. தாயும் மகளும் ஒரே அறையில் இருந்தார்கள். ஒரு கட்டில், ஒரு ஜன்னல், சுவரில் ஒரு சுவர்க்காது. உள்ளங்கை அகலத்தில் வட்டமாய் இருக்கும் அந்தக் கருவியை, பிள்ளை இருக்கிற வீடு ஒவ்வொன்றிலும் அமைதி அலுவலகம் மாட்டி வைத்திருந்தது. தெருக் கம்பங்களிலும் உண்டு. நாம் என்ன பேசுகிறோம் என்பதில் அதற்கு அக்கறை இல்லை. எவ்வளவு சத்தமாய்ப் பேசுகிறோம் என்பதுதான் அதற்குத் தெரியும். பிள்ளை பக்கத்தில் இருக்கையில் பெரியவர் குரல் உயர்ந்தால் ஒரு குறி. மூன்று குறி விழுந்தால் பிள்ளையை அமைதி இல்லத்துக்குக் கூட்டிப் போய்விடுவார்கள்.

பட்டாசுக்கு முதல் குறி, தலையில் சோப்பு நுரையோடு நிற்கும்போது குழாயில் தண்ணீர் நின்றதற்கு விழுந்தது. இரண்டாவது, சிரித்ததற்கு. சலவைக்கூட மேஸ்திரி தொந்தியைத் தூக்கிக்கொண்டு நடப்பது போல மைனா நடந்து காட்ட, இவள் கட்டிலில் உருண்டு உருண்டு சிரித்தாள். சுவர்க்காதுக்குச் சிரிப்பும் ஒன்றுதான், சண்டையும் ஒன்றுதான். மூன்றாவது குறி நடுத்தெருவில் விழுந்தது. பள்ளிக்கூடத்திலிருந்து வரும் வழியில் மைனா கையை உதறிவிட்டு, எதிர்ப்பக்கம் போன நாய்க்குட்டியின் பின்னால் ஓடினாள். வளைவில் ஒரு லாரி. பட்டாசு அடிவயிற்றிலிருந்து ஒரு கத்து கத்தினாள் பாருங்கள், தெருவே உறைந்து நின்றது. மைனாவும் நின்றாள். லாரி அவள் மூக்குக்கு முன்னால் ஒரு முழத் தூரத்தில் போனது.

கம்பத்தில் இருந்த காது லாரியைக் குறித்துக்கொள்ளவில்லை. கத்தியதைக் குறித்துக்கொண்டது.

மறுநாள் காலை இரண்டு பெண்கள் வந்தார்கள். குரலே எழும்பாமல், இறகால் தடவுவது போலப் பேசினார்கள். நூறு நாள் அம்மா அமைதியாக இருந்து காட்டினால் பிள்ளை திரும்பி வரும் என்றார்கள். பட்டாசின் இடது மணிக்கட்டில் சாம்பல் நிறத்தில் ஒரு பட்டையை மாட்டினார்கள். அமைதிக் காப்பு என்பது அதன் பேர். உள்ளே இருந்து நாடியை எண்ணிக்கொண்டே இருக்கும். மேலே கடுகளவு ஒரு விளக்கு. நாடி நிதானமாய் இருந்தால் பச்சை, பதறினால் மஞ்சள், மிஞ்சினால் சிவப்பு. மூன்று சிவப்பு விழுந்தால் நூறு நாளும் முதலிலிருந்து. நூறாம் நாள் மாலை ஐந்து மணிக்குள் வந்து பிள்ளையை வாங்காவிட்டால், பிள்ளையை வேறொரு அமைதியான குடும்பத்துக்கு எழுதிக் கொடுத்துவிடுவார்கள். அதற்கப்புறம் யார் போய்க் கேட்டாலும் பதில் கிடையாது.

முதல் வாரத்திலேயே இரண்டு சிவப்பு விழுந்துவிட்டது. கோபமே இல்லை. ஆவி அறையின் சூட்டில் நின்று ஈரத்துணி தூக்கினால் யார் நாடிதான் ஓடாது? அமைதி அலுவலகத்து ஜன்னலில் போய்ச் சொன்னாள். உள்ளே இருந்தவர், "காப்புக்குச் சூடெல்லாம் தெரியாதும்மா. நாடி மட்டும்தான் தெரியும்" என்றார்.

அன்றைக்குத்தான் நெட்டச்சி அவளைத் துணி மூட்டைகளுக்குப் பின்னால் இழுத்துக்கொண்டு போனாள். நெட்டச்சி உருளையின் மறுபக்கம் நிற்பவள், ஆறடிக்கு இரண்டு விரல் குறைவு. அவளுடைய இரண்டு பையன்களும் அமைதி இல்லத்தில்தான் இருந்தார்கள்.

"இன்னும் ஒண்ணு விழுந்தா முதல்லேர்ந்து. தெரியுமில்ல? பேசாம ஊசியக்காகிட்ட குடுத்துடு."

"எதை?"

"கழுத்தை. காப்பத்தாண்டி, லூசு!"

அந்தக் கூடத்தில் இப்படி ஒரு வழக்கம் இருப்பது பட்டாசுக்கு அப்போதுதான் தெரிந்தது. கிழிந்த விரிப்புகளைத் தைக்கிற ஊசியக்காவுக்குக் கூடத்தின் கோடியில், தரையோடு ஒட்டிய ஒரே ஜன்னலுக்குப் பக்கத்தில் இடம். காற்று வரும், ஆவி வராது. ஊசியக்கா பிள்ளை குட்டி இல்லாதவள், தனிக்கட்டை. ஊசியை எடுத்துவிட்டால் பக்கத்தில் கூரை விழுந்தாலும் நிமிர மாட்டாள். ஆவி அறைக்காரிகள் காலையில் வந்ததும் மணிக்கட்டில் சோப்பு நுரையைத் தடவிக் காப்பை உருவி அவள் கையில் ஏற்றிவிடுவார்கள். எட்டு வினாடிக்கு மேல் காப்பு வெறுமையாய் இருந்தால் அலுவலகத்தில் மணி அடிக்கும். இவர்களுக்கு நாலு வினாடியே அதிகம். நெட்டச்சியுடையது ஒன்று, துவைப்புத் தொட்டிக்காரியுடையது ஒன்று. பட்டாசுடையதும் சேர்ந்து மூன்று.

"அடுக்கிக்கிட்டே போங்கடி, எனக்கும் கல்யாணக் களை வரட்டும்" என்று சொல்லி ஊசியக்கா கையை நீட்டினாள். மூன்று விளக்கும் பச்சையில் நின்றன. பட்டாசு அந்த மூன்று பச்சைப் புள்ளிகளையும் பார்த்துவிட்டு, வெகு நாளைக்குப் பிறகு மூச்சை முழுசாக விட்டாள்.

முதலில் வேலை நேரத்துக்கு மட்டும்தான் கொடுத்தாள். நாற்பதாம் நாள் சாயங்காலம், கட்டிலுக்கு அடியில் பெருக்கும்போது மைனாவின் ஒற்றைச் செருப்பு வந்தது. அதை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். காப்பு மஞ்சளுக்குப் போயிற்று. பயந்துபோய்க் கீழ்த்தளத்துக்கு ஓடினாள். ஊசியக்கா அந்தக் கட்டிடத்திலேயே கீழ் அறையில்தான் இருந்தாள்.

"அக்கா, இது எங்கிட்ட இருந்தா என் புள்ளை வரமாட்டா. நீயே வச்சுக்க. நூறாம் நாள் வாங்கிக்கிறேன்."

"தூங்கும்போது கூடவா?"

"தூங்கும்போதுதான் எனக்கு ரொம்ப மோசமா இருக்கு அக்கா."

ஊசியக்கா கையை நீட்டினாள். அறுபது நாள் அந்தக் காப்பு அவள் கையிலேயே கிடந்தது. வேலையில், குளியலில், தூக்கத்தில். பட்டாசு தினமும் காலையில் அவள் கதவைத் தட்டி, "பச்சையா?" என்று கேட்பாள். உள்ளேயிருந்து, "பச்சைதான், போய்ப் பல்லை விளக்கு" என்று பதில் வரும்.

இங்கேதான் அவர்கள் தப்பு செய்தார்கள். அந்தக் காப்பு நாடியை எண்ணுகிறது என்று மட்டும்தான் அவர்களுக்குத் தெரியும். அது நாடியைப் படித்துக்கொண்டும் இருந்தது. ஒவ்வொருவர் நாடிக்கும் ஒரு நடை உண்டாம். அம்மா என்கிற இடத்துக்கு நேராக அது அறுபது நாளாய் ஒரு நடையை எழுதி எழுதி மனப்பாடம் செய்திருந்தது. அது ஊசியக்காவின் நடை.

நூறாம் நாள் பகல் மூன்று மணிக்குப் பட்டாசு அமைதி அலுவலகத்து ஜன்னல் முன்னால் நின்றாள். தலையை வாரி முடிந்து, ஊதா நிறத்தில் புதுச் சட்டை போட்டிருந்தாள். காலையில்தான் ஊசியக்கா காப்பைச் சோப்பு போட்டு உருவி அவள் கையில் ஏற்றி, "கத்தாம கூட்டிட்டு வா, மகராசி" என்று அனுப்பியிருந்தாள். பையில் அந்த ஒற்றைச் செருப்பும் அதன் ஜோடியும் இருந்தன.

ஜன்னலுக்கு மேலே பெரிய எழுத்தில் ஒரு பலகை: முகம் நடிக்கும், நாடி நடிக்காது. முகத்தையும் குரலையும் யார் வேண்டுமானாலும் பொம்மை போலச் செய்து திரையில் காட்டிவிடலாம் என்று ஆன பிறகு, அலுவலகத்துக்காரர்கள் முகத்தை நம்புவதையே விட்டுவிட்டார்கள். ஜன்னல்காரர் அவள் முகத்தைப் பார்க்கக்கூட இல்லை. கையை வாங்கிக் காப்பைத் தன் பெட்டிக்கு எதிரே காட்டினார். பெட்டி யோசித்தது. அவரும் காத்திருந்தார். மறுபடியும் காட்டினார்.

"அம்மா வரலையா?" என்றார்.

"நான்தான் சார் அம்மா."

"இல்லம்மா. இந்தப் பொண்ணோட அம்மா இன்னும் வரலைன்னு இருக்கு."

"சார், நான்தான். இதோ நிக்கிறேன்ல! பெத்தவ நான்தான்!"

குரல் ஏறியது அவளுக்கே கேட்டது. காப்பு மஞ்சளாய் மின்னியது. ஜன்னல்காரர் சட்டென்று தன் உள்ளங்கையால் அதை மூடிக்கொண்டார். அப்போதுதான் அவர் முதல் தடவையாக அவள் முகத்தைப் பார்த்தார். நரைத்த புருவம், தூக்கம் போதாத கண். எத்தனை பேரை அந்த ஜன்னல் வழியாகப் பார்த்திருப்பார்! அவருக்குப் புரிந்துவிட்டது.

தலையைக் குனிந்து, உதடு அசையாமல் சொன்னார்: "நான் எதையும் கேக்கலம்மா. நீங்களும் எதையும் சொல்லாதீங்க. மாத்தி மாட்டினீங்கன்னு எழுதினேன்னா பொண்ணு இன்னைக்கே வேற வீட்டுக்குப் போயிடும். உங்களோட இன்னும் எத்தனை பேர் மாத்திப் போட்டிருக்காங்களோ, அவங்க புள்ளைங்களும் போயிடும். அம்மா இன்னும் வரலைன்னு மட்டும் வச்சிருக்கேன். அஞ்சு மணிக்குள்ள அம்மாவைக் கூட்டிட்டு வந்துடுங்க."

அம்மாவைக் கூட்டிக்கொண்டு வா என்று அம்மாவிடமே சொன்னார். அவளுக்கு அழக்கூட முடியவில்லை. அழுதால் சிவப்பு. பல்லைக் கடித்துக்கொண்டு வெளியே வந்து, ஓடினாள்.

சலவைக்கூடத்தில் உருளை உறுமிக்கொண்டிருந்தது. விஷயத்தைக் கத்திக் கத்திச் சொன்னாள். ஊசியக்கா ஊசியைப் பாதித் தையலில் நிறுத்தினாள். அவள் அப்படி நிறுத்தி யாரும் பார்த்ததில்லை.

"நானா? அம்மாவாவா? நான் போய் என்னடி பேசுவேன்?"

"பேச வேண்டாம். பச்சையா உக்காந்திருந்தா போதும்."

"அப்ப இவங்க காப்பு?" ஊசியக்கா கையைத் தூக்கிக் காட்டினாள். மற்ற இரண்டும் அங்கே பச்சையாய் மின்னிக்கொண்டிருந்தன. அலுவலகத்து ஜன்னலில் இருக்கிற பெட்டி ஒரே நாடியில் மூன்று காப்பைப் பார்த்தால் எல்லாம் முடிந்தது. துவைப்புத் தொட்டிக்காரி வந்து தன்னுடையதை வாங்கிக்கொண்டாள். அவளுக்குத் தண்ணீர் வேலை, சமாளித்துவிடுவாள். நெட்டச்சி ஆவிக்கு நடுவில் நின்றாள். அவளுக்கு ஏற்கெனவே இரண்டு சிவப்பு. எண்பத்தேழு நாள் ஓடியிருந்தது.

பட்டாசு அவளைப் பார்க்க முடியாமல் தரையைப் பார்த்தாள். நெட்டச்சியே கையை நீட்டினாள்.

"ஏத்துடி. வாயைப் பொளந்துக்கிட்டு நிக்காத. நான் ஐஸ் பெட்டிக்குள்ள தலைய விட்டுக்கிட்டு நிக்கிறேன். மேஸ்திரி கேட்டா மூளைய ஆற வச்சிருக்கேன்னு சொல்றேன்."

மேஸ்திரி கதவோரம் நின்று இதையெல்லாம் பார்த்தார். தொந்தியைத் தடவிக்கொண்டு, சுவரில் இல்லாத எதையோ படிக்க ஆரம்பித்தார். இரண்டு பேரும் அவர் முதுகுப் பக்கமாய் ஓடினார்கள்.

அலுவலகத்தை அடையும்போது நாலு இருபது. வழியிலேயே ஊசியக்காவின் கைக்கு மாறியிருந்த காப்பை ஜன்னல்காரர் பெட்டியில் காட்டினார். இந்த முறை பெட்டி யோசிக்கவே இல்லை. 'அம்மா வந்துவிட்டார்' என்று எழுத்து விழுந்தது. ஆனால் விளக்கு மஞ்சள். ஊசியக்காவுக்கு மூச்சு இரைத்தது.

"அந்த பெஞ்சுல உக்காருங்க. பத்து நிமிஷம் பச்சையில நிக்கணும். அப்பதான் கதவு திறக்கும்" என்றார் ஜன்னல்காரர். பிறகு பட்டாசிடம் திரும்பி, பெட்டிக்குக் கேட்கிற மாதிரி உரக்கக் கேட்டார்: "நீங்க யாரு? கூட வந்தவங்களையும் எழுதணும்."

பட்டாசு வாயைத் திறந்தாள். அந்த ஒரு வார்த்தையைத் தொண்டையிலிருந்து எடுக்க அவள் பட்ட பாடு, பிரசவத்தில்கூடப் பட்டதில்லை.

"சித்தி" என்றாள்.

பெஞ்சில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். எதிர்ச் சுவரில் தட்டு அளவுக்கு ஒரு விளக்கு, காப்பின் நிறத்தையே பெரிதாய்க் காட்டிக்கொண்டிருந்தது. மஞ்சள். மஞ்சள். ஒரு கணம் பச்சையாகிவிட்டு மறுபடி மஞ்சள். நாலரை ஆயிற்று. இன்னும் இருபது நிமிஷத்துக்குள் பச்சை வந்து நிற்காவிட்டால் ஐந்து மணிக்குள் கதவு திறக்காது. ஊசியக்காவின் மேலுதட்டில் வியர்வை கோத்து நின்றது.

"அக்கா, எப்பவும் இருக்கிற மாதிரி அமைதியா இரு."

"எனக்கு அமைதியா இருக்கத் தெரியாதுடி." ஊசியக்காவின் குரல் உடைந்திருந்தது. "நான் என்னைக்கு அமைதியா இருந்தேன்? தைக்கும்போது வேற நினைப்பு வராது, அவ்ளோதான். கைய சும்மா வச்சா எனக்கும் எல்லாம் வரும். உனக்கு வர்ற மாதிரிதான்."

ஒரே கட்டிடத்தில் இத்தனை வருஷம் இருந்தும் பட்டாசு அதை ஒருநாளும் கேட்டதில்லை. ஊசியக்காவுக்கு என்னவெல்லாம் வரும் என்று கேட்க இப்போதும் நேரமில்லை. அவள் ஊசியக்காவின் சட்டைக் காலரைப் பார்த்தாள். அங்கே எப்போதும் போல ஊசி குத்தியிருந்தது, வாலில் வெள்ளை நூலோடு.

பட்டாசு தன் புது ஊதாச் சட்டையின் கீழ் விளிம்பைப் பல்லால் கடித்து, இரண்டு கையாலும் இழுத்துக் கிழித்தாள். சர்ரென்று ஒரு சாண் கிழிந்தது. கிழிந்ததை அப்படியே ஊசியக்காவின் மடியில் வைத்தாள்.

"தைச்சுக் குடு. என் புள்ளை முன்னாடி நான் கிழிசலோட நிக்க முடியாது."

ஊசியக்கா கிழிசலைப் பார்த்தாள். "சனியனே, புதுத்துணிய இப்படியா?" என்று முணுமுணுத்தாள். விரல்கள் தானாகவே விளிம்பை மடித்தன. ஊசி ஏறி இறங்கியது. ஒரு தையல், இன்னொரு தையல். பட்டாசு அசையாமல், தன் சட்டையோடு சேர்ந்து தானும் தைக்கப்படுகிறவள் போல உட்கார்ந்திருந்தாள். எதிர்ச் சுவரில் மஞ்சள் மெல்ல வெளுத்துப் பச்சையாகி, பச்சையிலேயே நின்றது.

நாலு ஐம்பத்திரண்டுக்குக் கதவு திறந்தது.

மைனா வந்தாள். தலைமுடியைக் காதோடு வெட்டியிருந்தார்கள். கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, அடி எடுத்து வைக்கிற சத்தமே இல்லாமல் நடந்தாள். பக்கத்தில் சாம்பல் உடையில் ஒரு காப்பாளர். பட்டாசின் உடம்பு முழுக்க எழுந்து ஓடத் துடித்தது. ஊசி அவள் சட்டையில் பாதியில் நின்றது. அந்த நூல்தான் அவளைப் பெஞ்சில் பிடித்து வைத்தது. கன்னத்தின் உள்சதையைக் கடித்தாள். வாயில் உப்புக் கரித்தது.

காப்பாளர் குனிந்து, "இங்க உன் அம்மா யாரு? பாத்துச் சொல்லு" என்றாள்.

மைனா பட்டாசின் முகத்தைப் பார்க்கவில்லை. ஊசியக்காவின் முகத்தையும் பார்க்கவில்லை. முதலில் எதிர்ச் சுவரின் பச்சை விளக்கைப் பார்த்தாள். பிறகு யார் கையில் பச்சைப் புள்ளி இருக்கிறது என்று தேடினாள். அப்படிப் பார்க்கத்தான் அங்கே கற்றுக்கொடுத்திருந்தார்கள் போலிருக்கிறது. நேராக ஊசியக்காவிடம் நடந்து போய், அவள் முழங்காலில் கையை வைத்தாள்.

"அம்மா" என்றாள்.

சின்னக் குரல், தண்ணீர் மாதிரி. நூறு நாளுக்கு முன்னால் தெருவையே திரும்பிப் பார்க்க வைத்த மைனாவின் குரல் அது.

ஊசியக்காவின் விளக்கு ஒரு கணம் நடுங்கியது. அவள் அவசரமாய் ஊசியைக் குத்தி இழுத்தாள், முடிச்சுப் போட்டாள், நூலைக் கடித்தாள். பச்சை நின்றது. காப்பாளர் தலையாட்டிவிட்டு, பழைய காப்பைக் கழற்றிப் புதுசு ஒன்றை ஊசியக்காவின் கையில் பூட்டினாள். இதற்குக் கொக்கி கிடையாது. சோப்பு போட்டாலும் வராது. ஒரு வருஷம் இந்த நாடி இருக்கிற வீட்டில்தான் பிள்ளை தூங்க வேண்டும் என்றாள். மைனாவின் கையிலும் ஒன்று இருந்தது. அது நாடியையும் எண்ணும், கூப்பிடுகிற முறையையும் கேட்கும். பிள்ளை யாரை அம்மா என்கிறாள், அந்த நேரத்தில் பக்கத்தில் எந்த நாடி இருக்கிறது என்று ஒத்துப் பார்க்கும். ஒத்துப்போகாவிட்டால் மறுநாளே வருவார்கள்.

"சித்திக்கு வணக்கம் சொல்லு" என்றாள் காப்பாளர்.

"வணக்கம் சித்தி" என்றாள் மைனா.

"வணக்கம்டி கண்ணு" என்றாள் பட்டாசு. பையிலிருந்த செருப்பை எடுத்துக் குனிந்து மாட்டிவிட்டாள். நூறு நாளில் கால் வளர்ந்துவிட்டிருந்தது. குதிகால் வெளியே நின்றது.

ஊசியக்கா தன் பாயையும் தையல் பெட்டியையும் தூக்கிக்கொண்டு மேலே வந்துவிட்டாள். கட்டிலில் அவளும் மைனாவும். கீழே பட்டாசு. சுவர்க்காது அவர்களுக்கு மேலே. காலையில் "அம்மா, பால்" என்று மைனா கேட்பாள். ஊசியக்கா எழுந்து கொடுப்பாள், கொடுக்கும்போது பட்டாசின் முகத்தைப் பார்க்க மாட்டாள். "சித்தி, சீப்பு" என்பாள்; பட்டாசு எடுத்துக் கொடுப்பாள். மகள் நடிக்கிறாளா, நிஜமாகவே மறந்துவிட்டாளா? கேட்கவும் வழியில்லை. கேட்டால் மைனாவின் காப்பு கேட்கும். எழுதிக் காட்டலாம் என்று ஒருநாள் பென்சிலை எடுத்தாள். எழுத்தைப் பார்த்ததும் மைனாவின் காப்பு மஞ்சளுக்குப் போயிற்று. பட்டாசு பயந்துபோய் அந்தத் தாளை மென்று விழுங்கினாள்.

நெட்டச்சிக்கு அன்றைக்கே சிவப்பு விழுந்திருந்தது. ஐஸ் பெட்டியெல்லாம் பேச்சுக்குத்தான். எண்பத்தேழு நாளும் போய் ஒன்றாம் நாளிலிருந்து எண்ண ஆரம்பித்தாள். பட்டாசு அவள் காலில் விழப் போனபோது, "எழுந்திருடி. விரிப்பைப் பிடி, கருகுது" என்றாள். அதற்கப்புறம் அதைப் பற்றி அவள் பேசவே இல்லை. முன்பு மாதிரி கேலியும் பேசவில்லை.

பள்ளிக்கு விடுமுறை வந்த ஒரு நாள், ஊசியக்கா மைனாவையும் சலவைக்கூடத்துக்குக் கூட்டி வந்தாள். பிள்ளை வாயில் அம்மா என்று வந்தால் அந்த நாடி பக்கத்தில் இருக்க வேண்டுமே. ஜன்னலுக்குப் பக்கத்தில் உட்கார்த்தி வைத்தாள். பட்டாசு உருளையைப் போட்டாள். அது உறும ஆரம்பித்தது. கூடம் அதிர்ந்தது. நாலு விரிப்பு போன பிறகு அவளுக்குத் திடீரென்று உறைத்தது: இந்தச் சத்தத்தில் எந்தக் காதுக்கு, எந்தக் காப்புக்கு என்ன கேட்கும்?

விரிப்பை நெட்டச்சியிடம் தள்ளிவிட்டு ஓடினாள். ஊசியக்கா அவளைப் பார்த்தாள், புரிந்துகொண்டாள், மைனாவின் தோளில் கை வைத்து எழுப்பினாள். மூன்று பேருமாய் உருளைக்குப் பக்கத்தில், சத்தம் மிக அதிகமாய் இருக்கிற இடத்தில் வந்து நின்றார்கள். தன் நாடி தூரமாய்ப் போய்விடக் கூடாது என்று ஊசியக்கா மைனாவின் கையைப் பிடித்துக்கொண்டு, முகத்தை மட்டும் அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டாள்.

பட்டாசு மண்டியிட்டாள். நூறு நாளும் அதற்கு மேலும் அடக்கி வைத்திருந்த குரலை முழுக்க எடுத்துக் கத்தினாள்.

"மைனா! இங்க யாருக்கும் கேக்காதுடி! கத்து! நான் யாரு? ஒரே ஒரு தடவை சொல்லுடி, நான் யாரு?"

அவள் குரல் அவளுக்கே கேட்கவில்லை. மைனா அவளைப் பார்த்தாள். விளக்கை அல்ல, முகத்தை. கத்தவில்லை. பயமாய் இருந்ததோ, கத்துவதே மறந்துவிட்டதோ. ஆனால் வாய் அசைந்தது. பட்டாசு அந்த உதட்டையே பார்த்தாள். சித்தி என்று சொல்லிப் பாருங்கள், உதடு ஒட்டாது. அவள் மகளின் உதடு ஒட்டியது. ஒட்டிப் பிரிந்தது. மறுபடியும் ஒட்டிப் பிரிந்தது. மறுபடியும். மூன்று தடவை, நாலு தடவை, சத்தமே இல்லாமல், மூச்சு வாங்கும்படி.

பட்டாசு கையை நீட்டினாள். அந்த நேரம் பார்த்துச் சாப்பாட்டு மணிக்கு மேஸ்திரி உருளையை நிறுத்திவிட்டார்.

கூடம் அடங்கியது. எங்கேயோ தண்ணீர் சொட்டுகிறது கேட்டது. மைனாவின் உதடு சட்டென்று மூடிக்கொண்டது. அவள் தன் காப்பைப் பார்த்தாள், மஞ்சள். கண்ணை மூடி, அங்கே கற்றுக்கொடுத்தபடி மூச்சை நாலு எண்ணி இழுத்து, நாலு எண்ணி விட்டாள். பச்சை வரும்வரை ஒருவரும் அசையவில்லை.

"சித்தி" என்றாள், தண்ணீர் மாதிரி. "பசிக்குது."

பட்டாசு நீட்டிய கையை மடக்கி, முழங்காலைத் தட்டிவிட்டு எழுந்தாள்.

"வா கண்ணு" என்றாள், இறகால் தடவுவது போல. "அம்மா கையைப் பிடிச்சுக்க. சாப்பிடப் போகலாம்."